தீர்ப்பு வரும்வரை காத்திருக்க முடியாது

குற்ற வழக்குகள் ஏன் இப்படி இழுக்கின்றன என்ற பேச்சு எங்கே எழுந்தாலும் ஒரு பதில் தயாராக இருக்கிறது. கீழமை நீதிமன்றத்தில் விசாரணை நடந்துகொண்டிருக்கும்போதே உயர் நீதிமன்றமும் உச்ச நீதிமன்றமும் குறுக்கே வந்துவிடுகின்றன என்பதே அந்தப் பதில். சாட்சிகளை விசாரித்து முடிக்கட்டும், தீர்ப்புச் சொல்லட்டும், தவறு இருந்தால் அப்பீல் இருக்கவே இருக்கிறது, அதுவரை மேல் நீதிமன்றங்கள் பொறுத்திருக்கட்டும் என்கிறார்கள். தொலைக்காட்சி விவாதங்களிலும் ஊழல் எதிர்ப்பு மேடைகளிலும் இதற்குக் கைதட்டல் கிடைக்கிறது. தடையாணையால் வழக்கு முடங்கிப்போன குடும்பங்கள் இதைச் சொல்லும்போது அதில் நியாயமான கோபமும் இருக்கிறது.

அந்தக் கோபத்தை மதிக்கிறேன். ஆனால் அதிலிருந்து எட்டப்படும் முடிவை ஏற்க முடியாது. நடக்கும் விசாரணையில் தலையிடும் அதிகாரத்தை மேல் நீதிமன்றங்களிடமிருந்து பறித்தாலோ, அதைப் பயன்படுத்தத் தயங்கும்படி அவர்களை நெருக்கினாலோ, முதலில் அடிபடுபவர் பாதிக்கப்பட்டவர். அடுத்து அடிபடுபவர் பொய் வழக்கில் சிக்கிய சாமானியர். பணமும் செல்வாக்கும் உள்ளவருக்கு இழப்பு ஏதுமில்லை. நம் நீதிமன்றங்களின் உண்மையான நோய், தலையிட்ட பிறகு அந்த வழக்கைத் திரும்பிப் பார்க்காமல் விட்டுவிடுவது. அந்த நோயை விட்டுவிட்டு, மருந்தையே வேண்டாம் என்கிறது இந்த வாதம்.

சட்டம் என்ன சொல்கிறது?

இந்த அதிகாரம் நீதிபதிகள் தாமாக எடுத்துக்கொண்டது போன்ற ஒரு தோற்றம் இருக்கிறது. அது சரியில்லை. 1898ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 1923இல் 561-ஏ என்ற பிரிவு சேர்க்கப்பட்டது. 1973ஆம் ஆண்டுச் சட்டத்தில் அது 482ஆவது பிரிவானது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் அது 528ஆவது பிரிவு. நீதிமன்ற நடைமுறையை யாரும் முறைகேடாகப் பயன்படுத்தாமல் தடுக்கவும், நீதியின் நோக்கம் நிறைவேறவும் உயர் நீதிமன்றத்துக்கு இயல்பாகவே உள்ள அதிகாரத்தை இந்தச் சட்டம் குறைக்காது என்பதே அதன் சாரம். பழைய சட்டங்களைத் தூக்கிவிட்டுப் புதிய சட்டம் எழுதிய நாடாளுமன்றம் இந்தப் பிரிவை அப்படியே வைத்துக்கொண்டது. இதோடு சீராய்வு அதிகாரம் இருக்கிறது. வழக்கை வேறு நீதிமன்றத்துக்கு மாற்றும் அதிகாரம் இருக்கிறது. அரசமைப்புச் சட்டத்தின் 226, 227ஆவது கூறுகள் தரும் நீதிப்பேராணை அதிகாரமும் மேற்பார்வை அதிகாரமும் இருக்கின்றன.

இந்த அதிகாரத்துக்கு வேலி இல்லாமலும் இல்லை. 1960இல் ஆர்.பி.கபூர் வழக்கில் உச்ச நீதிமன்றம் மூன்று வகைகளைச் சொன்னது. வழக்குத் தொடர்வதற்கே சட்டத் தடை இருந்தால், புகாரில் உள்ள அனைத்தையும் அப்படியே நம்பினாலும் குற்றம் எதுவும் தென்படாவிட்டால், குற்றச்சாட்டைத் தாங்கிநிற்க ஆதாரமே இல்லாவிட்டால் வழக்கை ரத்து செய்யலாம். 1990இல் பஜன்லால் வழக்கில் அது ஏழு வகைகளாக விரிந்தது. பழிவாங்கும் உள்நோக்கத்தோடு போடப்பட்ட வழக்கும் அந்த ஏழில் ஒன்று. எந்தச் சாட்சியை நம்புவது, எதை ஒதுக்குவது என்று எடைபோடுவது விசாரணை நீதிபதியின் வேலை. அந்த இடத்தில் உயர் நீதிமன்றம் உட்காரக் கூடாது என்பதில் எனக்கும் மாற்றுக்கருத்து இல்லை. என் மறுப்பு, இந்த வேலிக்குள்ளும் நுழையாதே என்பவர்களுக்கு.

‘அப்பீல் இருக்கிறதே’

இந்த வாதத்தின் முதுகெலும்பு மேல்முறையீடு. அங்கே எல்லாத் தவறையும் சரிசெய்துவிடலாம் என்ற நம்பிக்கையின் மேல்தான் மற்ற அனைத்தும் நிற்கின்றன. மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் முன் இருப்பது காகிதம். சாட்சி கூண்டில் ஏறிச் சொன்னது என்னவோ அதுதான் பதிவாகியிருக்கும். அவர் ஏன் அப்படிச் சொன்னார், முந்தைய நாள் இரவு வீட்டுக்கு வந்து போனது யார், அரசு வழக்கறிஞர் கேட்க வேண்டிய கேள்வியை ஏன் கேட்கவில்லை என்பதெல்லாம் அந்தக் காகிதத்தில் இருக்காது. விசாரணை கெட்டுக்கொண்டிருக்கும்போது கைகொடுக்காவிட்டால், பிறகு கைகொடுக்க எதுவும் மிஞ்சாது.

குஜராத்தின் இரண்டு வழக்குகளை அருகருகே வைத்துப் பாருங்கள். 2002 மார்ச் 1ஆம் தேதி வடோதராவில் பெஸ்ட் பேக்கரி எரிக்கப்பட்டு 14 பேர் கொல்லப்பட்டார்கள். உள்ளூரிலேயே விசாரணை நடந்தது. முக்கியச் சாட்சிகள் பிறழ்ந்தார்கள். 2003 ஜூனில் குற்றம்சாட்டப்பட்ட 21 பேரும் விடுதலை ஆனார்கள். அதன் பிறகே உச்ச நீதிமன்றம் தலையிட்டது. 2004 ஏப்ரலில், மகாராஷ்டிரத்தில் முதலிலிருந்து மறுவிசாரணை நடத்த உத்தரவிட்டது. மறுவிசாரணையிலும் பிரதானச் சாட்சி மீண்டும் பிறழ்ந்தார், நீதிமன்ற அவமதிப்புக்காக அவரே சிறை சென்றார். 2006இல் 9 பேர் தண்டிக்கப்பட்டார்கள். 2012இல் பம்பாய் உயர் நீதிமன்றம் அவர்களில் 5 பேரை விடுவித்தது.

அதே வன்முறை நாட்களில் நடந்த கூட்டுப் பாலியல் வன்கொடுமை பற்றியது பில்கிஸ் பானோ வழக்கு. இங்கே 2004 ஆகஸ்டிலேயே, சாட்சிகள் உள்ளூர்க் கூண்டில் ஏறும் முன்பே, உச்ச நீதிமன்றம் வழக்கை அகமதாபாத்திலிருந்து மும்பைக்கு மாற்றியது. அச்சத்தின் நடுவே வாழ்ந்த ஒரு பெண்ணால் அங்கே நின்று அடையாளம் காட்ட முடிந்தது. 2008 ஜனவரியில் 11 பேருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. 2017இல் பம்பாய் உயர் நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. ஒன்றில் விசாரணை முடியும்வரை மேல் நீதிமன்றம் காத்திருந்தது. இன்னொன்றில் காத்திருக்கவில்லை. இரண்டின் முடிவுகளும் நம் கண்முன்னே இருக்கின்றன.

தமிழ்நாட்டுக்கு வருவோம். 2015 ஜூனில் சாதி ஆணவத்தால் கொல்லப்பட்ட பொறியியல் பட்டதாரி கோகுல்ராஜின் வழக்கு நாமக்கல்லில் நடந்தது. திருச்செங்கோடு அர்த்தநாரீசுவரர் கோயிலில் அவரோடு இருந்த தோழியே நீதிமன்றத்தில் பிறழ்ந்தார். அரசுத் தரப்பு தன் சாட்சிகளைக் காப்பாற்ற முடியாமல் நின்றது. மகனை இழந்த தாய் உயர் நீதிமன்றத்தை நாடினார். அப்போது அந்தத் தாயிடம், ‘விசாரணை முடியட்டும், பிறகு அப்பீல் செய்துகொள்ளுங்கள்’ என்று நீதிமன்றம் சொல்லியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? 2019இல் சென்னை உயர் நீதிமன்றம் வழக்கை மதுரையில் உள்ள வன்கொடுமைத் தடுப்புச் சட்டச் சிறப்பு நீதிமன்றத்துக்கு மாற்றியது. 2022 மார்ச்சில் முக்கிய எதிரி யுவராஜ் உள்ளிட்ட 10 பேர் தண்டிக்கப்பட்டார்கள். அடுத்த ஆண்டு உயர் நீதிமன்றம் யுவராஜின் தண்டனையை உறுதிசெய்தது. சாதி ஆணவக் கொலை வழக்குகளில் சாட்சி சொல்பவர் அதே ஊரில், அதே தெருவில், அதே உறவுகளுக்கு நடுவில் வாழ வேண்டியவர். அந்த அழுத்தத்தை உள்ளூர் நீதிமன்றம் தனியாகத் தாங்கும் என்று எதிர்பார்ப்பது நடைமுறை அறிந்தவர்களின் பேச்சு ஆகாது.

மேல்முறையீடு செய்யப்போவது யார்?

அப்பீல் இருக்கிறது என்பவர்கள் இன்னொன்றைக் கேட்டுக்கொள்வதே இல்லை. வழக்கு நடத்தும் அரசே குற்றம்சாட்டப்பட்டவரின் பக்கம் சாய்ந்துவிட்டால் அந்த அப்பீலை யார் போடுவார்கள்?

ஜெயலலிதா மீதான சொத்துக் குவிப்பு வழக்கில் நடந்ததை நினைவுபடுத்துகிறேன். 2001இல் அ.தி.மு.க. ஆட்சிக்கு வந்தது. ஏற்கெனவே சாட்சியம் அளித்து முடித்திருந்த அரசுத் தரப்புச் சாட்சிகள் 76 பேர் மறுபடி அழைக்கப்பட்டார்கள். அவர்களில் 64 பேர் முன்பு சொன்னதிலிருந்து பின்வாங்கினார்கள். மறுபடி அழைப்பதை அரசு வழக்கறிஞர் எதிர்க்கவில்லை. பின்வாங்கியவர்களைப் பிறழ் சாட்சிகளாக அறிவித்துக் குறுக்கு விசாரணை செய்யவும் முனையவில்லை. ஒரு நீதிமன்ற அறையில், நாள்தோறும், எல்லோர் முன்னிலையிலும், விதிகளின்படியே ஒரு வழக்கு கரைந்துகொண்டிருந்தது. தி.மு.க. பொதுச்செயலாளர் க.அன்பழகன் உச்ச நீதிமன்றம் போனார். 2003 நவம்பர் 18இல் வழக்கு கர்நாடகத்துக்கு மாற்றப்பட்டது. விசாரணை நடந்துகொண்டிருக்கும்போது செய்யப்பட்ட இந்தத் தலையீடு இல்லாவிட்டால் 2014இல் பெங்களூரில் தீர்ப்பு வந்திருக்காது. 2017 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை மீட்டெடுத்திருக்கவும் முடியாது.

எதிர்த்தரப்பு இதே வழக்கைத் திருப்பிக் காட்டும். கர்நாடகத்துக்கு மாற்றிய பிறகும் பத்து ஆண்டுகளுக்கு மேல் ஆனதே, மனுவுக்கு மேல் மனு போட்டு மேல் நீதிமன்றப் படிகளையே அல்லவா தாமதத்துக்குப் பயன்படுத்தினார்கள் என்று கேட்கும். உண்மைதான். அந்த மனுக்களில் பலவற்றை முதல் நாளே தள்ளியிருக்க வேண்டும். தேவையற்ற மனுக்களை உடனுக்குடன் தள்ளாதது நீதிமன்றத்தின் தவறு. அந்தத் தவறைக் காட்டி, வழக்கைக் காப்பாற்றிய உத்தரவையும் சேர்த்துக் குப்பையில் போடச் சொல்வது என்ன நியாயம்?

விடுவிப்பு மனுக்களின் கதையும் இதுதான். குற்றச்சாட்டு வனையும் கட்டத்திலேயே, ஒரு சாட்சிகூடக் கூண்டேறாமல், குற்றம்சாட்டப்பட்டவரை விடுவிக்கச் சட்டத்தில் வழி உண்டு. அது தேவையான வழி. ஆனால் ஆட்சி மாறியதும் புலனாய்வு அமைப்பின் நிலைப்பாடும் மாறி, மேல்விசாரணை என்ற பெயரில் தானே போட்ட வழக்கைத் தானே கைவிடும்போது அந்த வழி வேறொன்றாகிவிடுகிறது. 2023 ஆகஸ்டில் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி என்.ஆனந்த் வெங்கடேஷ் தாமாக முன்வந்து எடுத்த சீராய்வு வழக்குகளில் இதைத்தான் கேள்விக்குள்ளாக்கினார். அப்போதைய அமைச்சர்கள் கே.கே.எஸ்.எஸ்.ஆர்.ராமச்சந்திரன், தங்கம் தென்னரசு ஆகியோர் திருவில்லிபுத்தூரில் விடுவிக்கப்பட்டதும், முன்னாள் முதல்வர் ஓ.பன்னீர்செல்வம் சிவகங்கையில் விடுவிக்கப்பட்டதும் அவற்றில் அடங்கும். இரண்டு கட்சிகளும் அந்தப் பட்டியலில் இருந்தன. 2024இல் அந்த விடுவிப்புகளை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது, அதை எதிர்த்துச் சென்றவர்களுக்கு உச்ச நீதிமன்றம் இடைக்காலத் தடை கொடுத்தது. இவர்கள் குற்றம் செய்தார்களா என்பது இந்தக் கட்டுரையின் கேள்வி இல்லை. அதை விசாரணைதான் சொல்ல வேண்டும். ஆனால், விடுவித்த உத்தரவை எதிர்க்க அரசுக்கு மனமில்லாதபோது உயர் நீதிமன்றமும் கை கட்டி நிற்க வேண்டும் என்றால், ஆட்சியில் இருப்பவர்மேல் எந்த ஊழல் வழக்கும் சாட்சி விசாரணையை எட்டாது. ஊழல் எதிர்ப்பு மேடையில் நின்றுகொண்டு மேல் நீதிமன்றம் தலையிடக் கூடாது என்பவர்கள் இந்த முரண்பாட்டுக்குப் பதில் சொல்ல வேண்டும்.

தலையீடு எப்போதும் ஒரு பக்கத்துக்கே உதவும் என்பதும் சரியில்லை. காஞ்சிபுரம் சங்கரராமன் கொலை வழக்கில், மாநில அரசின் கெடுபிடியால் இங்கே நியாயமான விசாரணை நடக்காது என்று முறையிட்டவர் குற்றம்சாட்டப்பட்ட சங்கராச்சாரியார். 2005இல் உச்ச நீதிமன்றம் வழக்கைப் புதுச்சேரிக்கு மாற்றியது. அரசு அளவுமீறி அழுத்தும்போது குற்றம்சாட்டப்பட்டவருக்கும், அரசு அளவுமீறி விட்டுக்கொடுக்கும்போது பாதிக்கப்பட்டவருக்கும் இதே கதவுதான் இருக்கிறது.

‘இது பணக்காரர்களின் கருவி’

எதிர்வாதங்களில் மனத்தைத் தொடுவது இதுதான். உயர் நீதிமன்றம் வரை போகக் காசு வேண்டும், மூத்த வழக்கறிஞர் வேண்டும், ஆகவே இந்த அதிகாரம் வசதி படைத்தவர்களுக்கு மட்டுமே பயன்படுகிறது என்கிறார்கள். தமிழ்நாட்டில் ரத்து மனு போடுகிறவர்கள் யார் என்று பார்த்தால் இந்தப் படம் மாறும்.

டாஸ்மாக் கடைக்கு எதிராகவோ குடிநீர் கேட்டோ ஊர்மக்கள் சாலையில் உட்காருகிறார்கள். ஒரு மணி நேரத்தில் கலைந்துபோகிறார்கள். சில மாதங்கள் கழித்து சம்மன் வருகிறது. பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 143, 188ஆவது பிரிவுகள். சட்டவிரோதமாகக் கூடினார்கள், அரசு ஊழியரின் உத்தரவை மீறினார்கள். அதில் கல்லூரி மாணவர் ஒருவர் ஐந்தாவது எதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். காலை பத்தரைக்கு நடுவர் நீதிமன்ற வராந்தாவில் நிற்கிறார். பெயர் கூப்பிடும்போது உள்ளே போய் ஆஜர் கொடுக்கிறார். எதிரிகளில் ஒருவர் வரவில்லை, அல்லது புகார் கொடுத்த எஸ்.ஐ. வேறு மாவட்டத்துக்கு மாறுதலாகிப் போய்விட்டார். அடுத்த வாய்தா கொடுக்கப்படுகிறது. அன்றைய வகுப்பும் போயிற்று, பேருந்துக் காசும் போயிற்று. ஒரு வாய்தா தவறினால் பிடியாணை.

படித்து முடித்துப் பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பித்தால், நிலுவையில் உள்ள குற்ற வழக்கைக் காரணம் காட்டி மறுக்க 1967ஆம் ஆண்டுப் பாஸ்போர்ட் சட்டம் இடம் தருகிறது. வெளிநாட்டு வேலை கிடைத்தாலும் அதே நடுவரிடம் அனுமதி வாங்க வேண்டும். காவலர் தேர்வில் தேர்ச்சி பெற்றால் இன்னும் மோசம். சந்தேகத்தின் பலனை அளித்து விடுவிக்கப்பட்டவரும் குற்ற வழக்கில் தொடர்புடையவராகவே கருதப்படுவார் என்று தமிழ்நாட்டின் பணி விதி சொல்கிறது. சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 2008இல் அந்த விதியை ஏற்றுக்கொண்டது. ‘விசாரணை நடக்கட்டும், குற்றமற்றவர் என்றால் விடுதலை ஆகிவிடப் போகிறார்’ என்று எளிதாகச் சொல்கிறார்களே, விடுதலையான பிறகும் அந்த இளைஞரின் வேலை திரும்பி வருவதில்லை. வழக்கு சட்டப்படி நிற்கவே முடியாதது என்று உயர் நீதிமன்றம் சொல்லி அதை வேரோடு எடுத்தால்தான் அவருக்கு மீட்சி.

2018இல் ஜீவானந்தம் வழக்கில் அதுதான் நடந்தது. 188ஆவது பிரிவில் சம்பந்தப்பட்ட அரசு ஊழியர் எழுத்துமூலம் நீதிமன்றத்தில் புகார் கொடுத்தால்தான் நடுவர் வழக்கை எடுக்க முடியும் என்று சட்டமே சொல்கிறது. அந்தச் சட்டத்தை எடுத்துக்காட்டி, ஆகவே காவல் நிலையத்தில் முதல் தகவல் அறிக்கை போட முடியாது என்று சொல்லி உயர் நீதிமன்றம் வழக்குகளை ரத்து செய்தது. போராட்டம் நடத்தக் கூடியது என்பதற்காகவே ஒரு கூட்டம் சட்டவிரோதக் கூட்டம் ஆகிவிடாது என்றும் சொன்னது. அதற்குப் பிறகு அந்தத் தீர்ப்பை மேற்கோள் காட்டியே எத்தனையோ எளிய மனிதர்கள் தங்கள் வழக்குகளிலிருந்து மீண்டிருக்கிறார்கள். அவர்கள் யாரும் கோடீஸ்வரர்கள் இல்லை.

பத்திரிகையாளர்களின் நிலையைப் பாருங்கள். ஜெயலலிதா ஆட்சிக்காலத்தில் அரசை விமர்சித்த செய்திகளுக்காக அரசு வழக்கறிஞர் மூலமாக அமர்வு நீதிமன்றங்களில் அவதூறு வழக்குகள் வரிசையாகப் போடப்பட்டன. 2020 மே மாதத்தில் அவற்றைச் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. அரசைக் குறைசொல்வதும் ஓர் அமைச்சரைத் தனிப்பட்ட முறையில் அவதூறு செய்வதும் ஒன்றாகாது என்ற வேறுபாட்டை வழக்குப் போடும் முன்பே அரசு வழக்கறிஞர் பார்த்திருக்க வேண்டும். அவர் பார்க்கவில்லை, விசாரணை நீதிமன்றமும் பார்க்கவில்லை. பார்த்தது உயர் நீதிமன்றம். அதுவும் பல ஆண்டுகள் தாமதமாகவே பார்த்தது என்பதுதான் என் வருத்தம்.

செல்வந்தருக்கு இந்தக் கதவை அடைத்தால் வேறு பத்துக் கதவுகள் உண்டு. வாய்தா வாங்கிக்கொண்டே போகலாம், சாட்சியை விலைக்கு வாங்கலாம், மருத்துவமனையில் படுத்துக்கொள்ளலாம். எளியவருக்கு இருப்பது இந்த ஒன்றுதான். அது எட்டாத தொலைவில் இருந்தால் அருகே கொண்டுவர வேண்டும். 2004 ஜூலையில் மதுரைக் கிளை தொடங்கியபோது தென்மாவட்டத்து மக்களுக்குச் சென்னைப் பயணம் மிச்சமானது. பெண்களுக்கும், பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும், காவலில் இருப்பவர்களுக்கும் 1987ஆம் ஆண்டுச் சட்டப்பணிகள் ஆணையச் சட்டம் இலவச சட்ட உதவியை உரிமையாகவே தருகிறது. அந்த உதவி ஜாமீன் மனுவோடு நின்றுவிடாமல் ரத்து மனுவுக்கும் மாற்றக் கோரும் மனுவுக்கும் நீள வேண்டும். பணக்காரர் நுழைகிறார் என்பதற்காக ஏழைக்கும் சேர்த்துக் கதவைச் சாத்துவது சமத்துவம் ஆகாது.

தடையாணைகளின் கணக்கு

தாமதம் பற்றிய குற்றச்சாட்டுக்கு வருகிறேன். இதில் எதிர்த்தரப்பின் கையில் வலுவான சான்று இருக்கிறது. இம்தியாஸ் அகமது வழக்கில் 2012இல் உச்ச நீதிமன்றம் பதிவுசெய்த விவரங்கள் யாரையும் உலுக்கும். கொலை, பாலியல் வன்கொடுமை போன்ற கொடிய குற்றங்களில் உயர் நீதிமன்றங்கள் நிறுத்திவைத்த வழக்குகளில் ஏறத்தாழ 9 விழுக்காடு 20 ஆண்டுகளுக்கு மேல் நின்றுகிடந்தன. சுமார் 21 விழுக்காடு 10 ஆண்டுகளைத் தாண்டியிருந்தன. தடை விதித்த நாளிலிருந்து சராசரியாக 7.4 ஆண்டுகள் ஓடியிருந்தன. இது வெட்கக்கேடு, இதற்குச் சமாதானம் கிடையாது.

ஆனால் அதே விவரத்தில் இன்னொன்றும் இருக்கிறது. தடை விதிக்கப்பட்டவற்றில் சுமார் 32 விழுக்காடு குற்றப்பத்திரிகைக் கட்டத்திலும், சம்மன் கட்டத்திலும் ஆஜராகும் கட்டத்திலும் தலா 19 விழுக்காடும் நின்றன. அதாவது பத்தில் ஏழு வழக்குகள் சாட்சி விசாரணை தொடங்கும் முன்பே நிறுத்தப்பட்டவை. அந்தக் கட்டத்தில் உயர் நீதிமன்றம் படிக்க வேண்டியது முதல் தகவல் அறிக்கையும் குற்றப்பத்திரிகையும்தான். அவற்றைப் படித்து, பஜன்லால் வழக்கின் வகைகளில் இந்த வழக்கு அடங்குமா இல்லையா என்று சொல்லப் பல ஆண்டுகள் வேண்டியதில்லை. ஒன்றிரண்டு அமர்வுகள் போதும். அந்த அமர்வுகள் நடக்காததே குற்றம். தடை கொடுத்த அன்றே அந்த வழக்குக் கட்டு நீதிமன்றத்தின் நினைவிலிருந்து இறங்கிவிட்டது.

தடையைத் தானாகவே காலாவதியாக்கும் சோதனையையும் நாம் செய்து பார்த்துவிட்டோம். 2018 மார்ச்சில் ஏஷியன் ரீசர்ஃபேசிங் வழக்கில், எந்தத் தடையும் ஆறு மாதத்தில் தானாகக் காலாவதி ஆகும், நீட்டிக்க வேண்டுமானால் காரணம் சொல்லித் தனி உத்தரவு போட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் கூறியது. கேட்க நன்றாக இருந்தது. நடந்தது என்ன? தன் மனுவை விசாரிக்கத் தயாராக நின்றவர், பட்டியலில் இடம் கிடைக்காத ஒரே காரணத்தால் பாதுகாப்பை இழந்தார். தாமதித்தது நீதிமன்றம், தண்டனை மனுதாரருக்கு. 2024 பிப்ரவரி 29இல் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசமைப்பு அமர்வு அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. தன் தவறு எதுவும் இல்லாத ஒருவரின் தடையை நாள்காட்டியைப் பார்த்து நீக்குவது நீதியாகாது என்றும், உயர் நீதிமன்றமும் அரசமைப்பு நீதிமன்றம்தான் என்றும் நீதிபதி அபய் ஓகா எழுதிய தீர்ப்பு சொன்னது. அனுபவப்பட்டுக் கற்ற இந்தப் பாடத்தைக் கணக்கில் எடுக்காமல் பழைய பல்லவியையே பாடுகிறார்கள்.

விசாரணை நீதிபதியின் சுதந்திரம் பாதிக்கப்படும் என்ற வாதத்தையும் சிலர் வைக்கிறார்கள். மாவட்டத் தலைநகரில் தனியாக அமர்ந்திருக்கும் ஒரு நீதிபதிக்கு ஆளுங்கட்சிக்காரரும், சாதிச் சங்கத் தலைவரும், காவல் கண்காணிப்பாளரும் கொடுக்கக்கூடிய நெருக்கடி, உயர் நீதிமன்றம் காரணங்களோடு எழுதி வெளிப்படையாகப் பிறப்பிக்கும் உத்தரவைவிடப் பல மடங்கு பெரியது. தனக்கு மேலே ஒரு கண் திறந்திருக்கிறது என்பதே நேர்மையான நீதிபதிக்குத் துணை.

கேட்க வேண்டியதைக் கேட்போம்

அதிகாரம் இருக்கட்டும், அதற்குக் கணக்கு இருக்கட்டும். இதற்குப் புதிய சட்டம் தேவையில்லை. விசாரணைக்குத் தடை கொடுக்கும் உத்தரவில் காரணம் இருக்க வேண்டும், அடுத்த விசாரணைத் தேதியும் இருக்க வேண்டும். பெரும்பாலான மனுதாரர்களுக்குத் தேவைப்படுவது வாய்தாதோறும் நேரில் வருவதிலிருந்து விலக்குதான். அதை மட்டும் கொடுத்துவிட்டு விசாரணையைத் தொடரவிடலாம். அசல் ஆவணங்களை மேலே வரவழைக்கும் பழக்கம் நிற்க வேண்டும். தடையே விதிக்காவிட்டாலும், கட்டு உயர் நீதிமன்றத்துக்குப் போய்விட்டால் கீழே வழக்கு நின்றுவிடும் என்பது எல்லா வழக்கறிஞர்களுக்கும் தெரியும். மின்வடிவ நகல் இருக்கும் காலத்தில் அசல் எதற்கு? ஒரே காரணத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லிப் போடப்படும் மனுக்களைச் செலவுத்தொகையோடு தள்ள வேண்டும். பாதிக்கப்பட்டவரின் தரப்பைக் கேட்காமல் எந்தத் தடையும் நீடிக்கக் கூடாது. வழக்கின் ஒவ்வொரு கட்டத்திலும் பாதிக்கப்பட்டவருக்குக் கேட்கப்படும் உரிமை உண்டு என்று லக்கிம்பூர் கேரி வழக்கில் 2022இல் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது.

இவை அனைத்துக்கும் மேலாக ஒன்று. தன் உத்தரவால் எந்தெந்தக் குற்ற வழக்குகள், எந்தத் தேதியிலிருந்து, எந்தக் கட்டத்தில் நின்றுகொண்டிருக்கின்றன என்ற பட்டியலை ஒவ்வொரு உயர் நீதிமன்றமும் மாதந்தோறும் மாவட்ட வாரியாக வெளியிட வேண்டும். இன்று எல்லா வழக்குகளும் கணினியில் இருக்கின்றன. மனம் இருந்தால் இதைச் செய்வது கடினமில்லை. அப்படி ஒரு பட்டியல் வெளிவந்தால் எந்தத் தடை எளியவரைக் காக்கிறது, எந்தத் தடை குற்றவாளிக்கு நிழல் தருகிறது என்று பத்திரிகைகள் கேட்கும், வழக்கறிஞர் சங்கங்கள் கேட்கும், பாதிக்கப்பட்ட குடும்பங்கள் கேட்கும். மேல் நீதிமன்றங்கள் தலையிடுவதை நிறுத்தச் சொல்லி எழும் குரல்கள் தங்கள் முழு வலுவையும் இந்தக் கோரிக்கையின் பின்னால் வைக்கட்டும். நடக்கும் விசாரணை தவறான பாதையில் போகும்போது உயர் நீதிமன்றம் குறுக்கே வரத்தான் வேண்டும். குறுக்கே வந்தால் முடிவைச் சொல்லிவிட்டுத்தான் விலக வேண்டும். இந்த இரண்டில் ஒன்றைக்கூட நாம் விட்டுக்கொடுக்கக் கூடாது.